‘ஒரு போன் மட்டும் போடு’ என்கிறார் தாய்மாமா... போடலாமா?

வாசகர் தென் மாவட்டக் கிராமம் ஒன்றைச் சேர்ந்த 27 வயது இளைஞர். ஓசூரில் ஒரு தொழிற்சாலையில் சூப்பர்வைசர் வேலை. கோவையில் லேப் டெக்னீஷியனாக இருந்த அவருடைய 23 வயதுத் தங்கை, பட்டியல் சமூகத்தைச் சேர்ந்த 26 வயது இளைஞரை ஐந்து வாரங்களுக்கு முன்பு காதல் திருமணம் செய்துகொண்டார். வக்கீல் அலுவலகத்தில் நண்பர்கள் முன்னிலையில் மாலை மாற்றித் தாலி கட்டி, பிறகு பதிவும் செய்திருக்கிறார்கள். ஊரில் அப்பா ‘பெண்ணைக் காணவில்லை’ என்று புகார் கொடுத்துவிட்டார். அம்மா சோற்றைத் தள்ளிவிட்டு, ‘மருந்தைக் குடித்துச் செத்துப்போவேன்’ என்கிறார். போன ஞாயிறு பெரியப்பா வீட்டில் பங்காளிகள் கூடினார்கள். அங்கே தாய்மாமா சொன்னதை வாசகர் அப்படியே எழுதியிருக்கிறார்: “நீ கூப்பிட்டா அவ வருவா. அம்மாவுக்கு முடியலைன்னு ஒரு போன் மட்டும் போடு. மத்ததை நாங்க பாத்துக்கிறோம். கோயில் கொடைக்கு முன்னாடி முடிச்சிரணும்.” அடுத்த வரி வாசகருடையது: “முடிக்கிறது என்றால் என்ன என்று நான் கேட்கவில்லை.”

அவருடைய கேள்விகள் நான்கு. வெறும் போன் போட்டால் நானும் குற்றவாளி ஆவேனா? போலீஸுக்குப் போனால் அப்பாவை ஜெயிலில் போட்டுவிடுவார்களா? ஒளிந்து செய்த கல்யாணம் செல்லாது என்று ஊர் வக்கீல் சொன்னது சரியா? சொத்து வேண்டாம் என்று தங்கை எழுதிக் கொடுத்தால் இது அடங்குமா?

அன்புள்ள தம்பிக்கு,

அந்த போனைப் போடாதீர்கள். மற்ற எல்லாவற்றையும் பிறகு நிதானமாகப் பேசலாம்.

‘முடிக்கிறது’ என்றால் என்ன என்று நீங்கள் ஏன் கேட்கவில்லை? பதில் வந்துவிடுமோ என்ற பயம்தான் காரணம். கேட்டுத் தெரிந்துகொண்டால் மறுக்க வேண்டியிருக்கும். கேட்காமல் இருந்துவிட்டால், நாளைக்கு ‘எனக்கு எதுவும் தெரியாது’ என்று சொல்லிக்கொள்ளலாம். ஆணவக் கொலைகளில் குடும்பத்தில் பாதிப்பேர் இந்த இடத்தில்தான் நிற்கிறார்கள். அரிவாள் எடுக்கிறவர் ஒருவரோ இருவரோதான். வண்டி ஏற்பாடு செய்தவர், முகவரி விசாரித்தவர், பணம் புரட்டியவர், பாசமாகப் பேசி வரவழைத்தவர் எல்லோரும் ‘நான் கொஞ்சம்தான் செய்தேன்’ என்று நினைத்துக்கொண்டிருப்பார்கள். கோபத்தில் கை ஓங்கிவிட்டான் என்று ஊர் பேசுவது பெரும்பாலும் பொய். கோபக்காரனுக்குத் தங்கை இருக்கும் ஊர் தெரியாது. அந்தப் பெண் நம்புகிற ஒரு குரல் கூப்பிட்டால்தான் அவள் வெளியே வருவாள். அந்தக் குரலைத்தான் உங்களிடம் கேட்கிறார்கள்.

விருத்தாசலம் பக்கத்தில் 2003-இல் நடந்த கண்ணகி–முருகேசன் கொலையைக் கேள்விப்பட்டிருப்பீர்கள். மே மாதம் பதிவுத் திருமணம் செய்துகொண்டு தனித்தனியே மறைந்திருந்தவர்களை, உறவினரைப் பிடித்து மிரட்டித்தான் ஊருக்கு வரவழைத்தார்கள். ஜூலையில் இருவருக்கும் விஷம் கொடுத்துக் கொன்று எரித்தார்கள். அந்த வழக்கில் 2021-இல் கடலூர் நீதிமன்றம் தூக்குத் தண்டனை விதித்தது யாருக்குத் தெரியுமா? பெண்ணின் அண்ணனுக்கு. உயர் நீதிமன்றம் அதை ஆயுளாகக் குறைத்தது. 2025 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது. வழக்கைத் திரித்த காவல் அதிகாரிகளின் தண்டனையும் உறுதியானது. கொலை நடந்து இதற்கு 22 ஆண்டுகள். அன்று ‘ரோஷம் இருக்கா’ என்று உசுப்பேற்றியவர்களில் எத்தனை பேர் வாய்தாவுக்கு நடந்திருப்பார்கள் என்று நினைக்கிறீர்கள்?

போன் போட்டவர் எந்த வழக்கில் சேர்வார்?

கொலை வழக்கிலேயே சேர்வார். பழைய இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 61-வது பிரிவு குற்றச்சதியைச் சொல்கிறது. சதியில் பங்கெடுத்தவர், குற்றம் நடக்கும் இடத்தில் இருந்திருக்க வேண்டியதில்லை. உடந்தையாக இருந்தவருக்கும் கொலை செய்தவருக்குமான தண்டனை ஒன்றுதான். பல பேர் ஒரே எண்ணத்தோடு செய்த செயலுக்கு ஒவ்வொருவரும் தானே செய்ததுபோலப் பொறுப்பு என்று 3(5) சொல்கிறது. 2024 ஜூலை முதல் அமலில் இருக்கும் இந்தச் சட்டத்தில் புதிதாக 103(2) என்ற பிரிவும் உண்டு. ஐந்து பேரோ அதற்கு மேலோ சேர்ந்து சாதியைக் காரணமாக வைத்துக் கொன்றால், கூட்டத்தில் இருந்த ஒவ்வொருவருக்கும் மரண தண்டனை அல்லது ஆயுள். பெரியப்பா வீட்டுத் திண்ணையில் அன்றைக்கு எத்தனை பேர் இருந்தார்கள் என்று எண்ணிப் பாருங்கள்.

‘கொலை நடக்காமல் தப்பித்துவிட்டால்?’ என்றால், அப்போதும் தூண்டிய, துணைபோன குற்றத்துக்கு 55-வது பிரிவின்படி 7 ஆண்டு வரை சிறை உண்டு. போன் போடாமல் வாயை மூடிக்கொண்டு இருந்துவிடலாமா? அதுவும் முழுப் பாதுகாப்பு இல்லை. கொலைத் திட்டம் இருப்பது தெரிந்தும், அதை மறைத்தால் காரியம் எளிதாகும் என்று தெரிந்தே மறைப்பது 58-வது பிரிவில் தனிக் குற்றம். கொலை செய்யும் எண்ணம் ஒருவருக்கு இருப்பது தெரிந்தால் அருகிலுள்ள காவல் துறைக்கோ நடுவருக்கோ (மாஜிஸ்திரேட்) சொல்ல வேண்டியது கடமை என்று, குற்றவியல் நடைமுறைச் சட்டமான நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 33-வது பிரிவும் சொல்கிறது. தகவல் சொல்வதைத் துரோகம் என்று உங்கள் மாமா சொல்வார். சட்டம் அதைக் கடமை என்கிறது.

தங்கையின் கணவர் பட்டியல் சமூகத்தவர் என்பதால் வன்கொடுமைத் தடுப்புச் சட்டமும் சேரும். அதில் முன்ஜாமீன் கிடையாது. சாதிப் பெயர் சொல்லிப் பொது இடத்தில் திட்டியது, அவருடைய பெற்றோரின் வீட்டை அடித்து நொறுக்கியது போன்றவற்றுக்கே அது பாயும். பெண் போன ஆத்திரத்தை ஊர்க்காரர்கள் முதலில் காட்டுவது பெரும்பாலும் பையனின் வீட்டில்தான். உங்கள் கடிதத்தில் அவர்களைப் பற்றி ஒரு வார்த்தைகூட இல்லை. அவர்களும் ஆபத்தில் இருக்கிறார்கள்.

ஒன்றை மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். காதல் திருமணம் செய்ததற்காக வெட்டிக் கொல்லப்பட்ட உடுமலைப்பேட்டை சங்கர் வழக்கில் பெண்ணின் அப்பா விடுதலையானாரே என்று உங்கள் வீட்டில் யாராவது பேசக்கூடும். உண்மைதான். சதியில் அவருடைய பங்கு நிரூபிக்கப்படவில்லை என்று 2020 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம் விடுவித்தது. அதற்கு முன்பு, 2017 டிசம்பரில் கீழ் நீதிமன்றம் விதித்த தூக்குத் தண்டனையோடு இரண்டரை ஆண்டுகள் அவர் உள்ளே இருந்தார். வெட்டியவர்களுக்கு ஆயுள். அந்த விடுதலையைக் காட்டி யாராவது தைரியம் சொன்னால், அந்த இரண்டரை ஆண்டுகளையும் சேர்த்துச் சொல்லச் சொல்லுங்கள்.

‘கொஞ்ச நாளில் ஆறிவிடும்’

நீங்கள் இப்படி நம்புகிறீர்கள். நாள் போனால் ஆபத்து குறையும் என்பது எப்போதும் உண்மையில்லை. சங்கர் திருமணம் 2015 ஜூலையில். கொலை 2016 மார்ச்சில், பட்டப்பகலில், பேருந்து நிலையம் அருகே. எட்டு மாதங்கள் இடைவெளி. ஆறிக்கொண்டிருப்பதைக் கிளறிவிடுகிற தருணங்கள் உண்டு: சொந்தத்தில் ஒரு கல்யாணம், கோயில் கொடையில் வரி வாங்க மறுப்பது, துக்க வீட்டில் ஒருவர் முகத்தைத் திருப்பிக்கொள்வது, பெண் கர்ப்பமானாள் என்ற செய்தி. உங்கள் மாமா கொடையைக் கெடுவாக வைத்திருக்கிறார். ஆகவே கொடைக்கு முந்தைய வாரங்களும் கொடை நாட்களும் கூடுதல் கவனத்துக்குரியவை. அது முடிந்த பிறகும் தங்கை ஊர்ப்பக்கம் வரவேண்டாம்.

கல்யாணம் செல்லுமா?

செல்லும். 1967-இல் தமிழ்நாடு கொண்டுவந்த திருத்தத்தால் இந்துத் திருமணச் சட்டத்தில் சேர்ந்த 7ஏ பிரிவு, புரோகிதர் இல்லாமல் உறவினர், நண்பர் அல்லது வேறு யாராவது முன்னிலையில் மாலை மாற்றியோ மோதிரம் அணிவித்தோ தாலி கட்டியோ செய்யும் திருமணத்தை ஏற்கிறது. வக்கீல் அலுவலகத்தில் ரகசியமாகச் செய்தால் செல்லாது என்று 2014-இல் உயர் நீதிமன்றம் சொன்னதை உங்கள் ஊர் வக்கீல் மனதில் வைத்திருக்கிறார். 2023 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் அதை மாற்றிவிட்டது. ஊரறியச் செய்ய வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. பெற்றோர் சம்மதமும் தேவையில்லை. ‘தாலியைக் கழற்றிவிட்டு முறைப்பையனுக்குக் கட்டிவைக்கலாம்’ என்று யாராவது பேசினால், முதல் திருமணம் இருக்கும்போது இரண்டாவது செய்வது 7 ஆண்டு வரை சிறைக்குரிய குற்றம், கட்டாயக் கல்யாணத்துக்காகப் பெண்ணைக் கடத்துவது 10 ஆண்டு வரை என்று சொல்லுங்கள்.

அப்பாவைச் சிறைக்கு அனுப்பாமல் தடுக்க முடியுமா?

போலீஸுக்குப் போனாலே கைது என்று நினைத்துத்தான் பலரும் கடைசி நிமிடம் வரை காத்திருக்கிறார்கள். குற்றம் நடக்கும் முன்பே தடுக்க ஒரு வழி இருக்கிறது. பழைய சட்டத்தில் ‘107 போடுறது’ என்பார்களே, அது இப்போது நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 126-வது பிரிவு. காவல் துறை அறிக்கை கொடுத்தால், நிர்வாகத்துறை நடுவர் (உங்கள் பக்கம் வட்டாட்சியர் அல்லது கோட்டாட்சியர்) சம்பந்தப்பட்டவர்களைக் கூப்பிட்டு விசாரித்து, ஓராண்டு வரை அமைதி காப்பதாகப் பிணைப் பத்திரம் வாங்குவார். இது தண்டனை இல்லை, குற்றவாளி என்ற முத்திரையும் இல்லை. பத்திரத்தை மீறினால்தான் மீதிக் காலத்துக்குச் சிறை. உங்கள் அப்பாவைப் போன்றவருக்கு இதில் மறைமுகமான ஓர் உதவியும் இருக்கிறது. ‘என் பெயரில் பத்திரம் எழுதி வாங்கிட்டாங்க, என்னால ஒண்ணும் செய்ய முடியாது’ என்று பங்காளிகளிடம் சொல்லிக்கொள்ள அவருக்கு ஒரு காரணம் கிடைக்கும். பின்வாங்க ஆசைப்படும் பல அப்பாக்களுக்கு மானத்தோடு பின்வாங்க வழிதான் இல்லை.

மனுவைத் தங்கையும் கணவரும் சேர்ந்து கொடுப்பது நல்லது. அவர்கள் இருக்கும் ஊர்க் காவல் ஆணையரிடம் அல்லது எஸ்.பி.யிடம் ஒன்று, உங்கள் மாவட்ட எஸ்.பி.யிடம் பதிவுத் தபாலில் ஒன்று. உள்ளூர் ஸ்டேஷனில் மட்டும் கொடுத்துவிட்டு நம்பியிருக்க வேண்டாம். அங்கே யாருக்கு யார் சொந்தம் என்று உங்களுக்கே தெரியும். மனுவில் ‘உயிருக்கு ஆபத்து’ என்று பொதுவாக எழுதினால் அது கோப்பில் தூங்கும். எந்தத் தேதியில், யார் வீட்டில், யார் யார் இருக்கும்போது, யார் என்ன வார்த்தை சொன்னார் என்று எழுத வேண்டும். அது உங்களுக்குத்தான் தெரியும். அவர்களுடைய வக்கீலிடம் நீங்கள் அதைச் சொல்லுங்கள். இப்போது வசிக்கும் முகவரியை மட்டும் மனுவில் எழுதாமல், அதிகாரியிடம் தனியாகக் கொடுக்கச் சொல்லுங்கள். மனுவின் நகல் கைமாறும்.

உச்ச நீதிமன்றம் 2018 மார்ச் 27-இல் சக்தி வாஹினி வழக்கில் சொன்னதை மனுவில் குறிப்பிடலாம்: மிரட்டல் பற்றித் தகவல் வந்தால் கூடுதல் எஸ்.பி. நிலை அதிகாரி விசாரித்து ஒரு வாரத்துக்குள் எஸ்.பி.க்கு அறிக்கை தர வேண்டும். ஒவ்வொரு மாவட்டத்திலும் சிறப்புப் பிரிவும் 24 மணி நேர உதவி எண்ணும் இருக்க வேண்டும். தம்பதி தங்கப் பாதுகாப்பு இல்லம் தர வேண்டும். முதலில் ஒரு மாதத்துக்கு, பிறகு மாதாமாதம் நீட்டித்து அதிகபட்சம் ஓராண்டு வரை. எல்லா ஊரிலும் இது ஒழுங்காக நடக்கிறது என்று சொல்லமாட்டேன். உத்தரவைச் சுட்டிக்காட்டிய மனுவை ஒதுக்கிவைக்க அதிகாரி யோசிப்பார், அவ்வளவுதான். ஒதுக்கினால் உயர் நீதிமன்றத்தில் பாதுகாப்பு கேட்டு மனுப் போடலாம். ஆணவக் கொலைக்குத் தனிச் சட்டம் பற்றிப் பரிந்துரைக்க ஓய்வுபெற்ற நீதிபதி கே.என்.பாஷா தலைமையில் ஆணையம் அமைப்பதாக 2025 அக்டோபரில் தமிழக அரசு அறிவித்தது. அது வரும்போது வரட்டும். இன்றைக்குத் தடுக்க இருக்கிற சட்டமே போதும்.

‘காணவில்லை’ புகாருக்காகத் தங்கை ஊர் ஸ்டேஷனுக்கு வரவேண்டியதில்லை. விசாரணைக்காக ஒரு பெண்ணை அவர் வசிக்கும் இடத்தைத் தவிர வேறெங்கும் வரச்சொல்ல முடியாது என்பது நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 179-வது பிரிவு. ஸ்டேஷன் வாசலில் இரண்டு வண்டி ஆட்கள் நிற்க, உள்ளே பெண் ‘அப்பாவோடு போக விருப்பமில்லை’ என்று எழுதிக்கொடுக்கும் காட்சி எப்படி முடியும் என்று எல்லோருக்கும் தெரியும். திருமணச் சான்றிதழ் நகலை வக்கீல் மூலம் அனுப்பிவிட்டு, தான் இருக்கும் ஊரிலேயே வாக்குமூலம் தருவதாகச் சொல்லலாம். குற்றவியல் நடுவர் முன்பு 183-வது பிரிவில் வாக்குமூலம் பதிவு செய்தால் இன்னும் உறுதி. சான்றிதழ் அனுப்பிய பிறகும் பெண்ணை ஸ்டேஷனுக்கு வரச்சொல்லி வற்புறுத்திய கர்நாடகக் காவல் அதிகாரியின் போக்கை 2021-இல் உச்ச நீதிமன்றம் கண்டித்து, அந்த வழக்கையே ரத்து செய்திருக்கிறது.

தங்கையிடம் சொல்ல வேண்டியவை

அவர் எங்கே இருக்கிறார் என்று நீங்கள் கேட்காதீர்கள். தெரியாததை உங்களிடமிருந்து யாரும் அடித்தும் வாங்க முடியாது. உங்கள் இருவருக்கும் மட்டும் தெரிந்த ஒரு சொல்லை முடிவு செய்துகொள்ளுங்கள். சின்ன வயதில் வளர்த்த ஆட்டுக்குட்டியின் பெயர் மாதிரி எதுவானாலும் சரி. நீங்கள் எப்போது கூப்பிட்டாலும் பேச்சில் அந்தச் சொல் வரவேண்டும். வராவிட்டால், பக்கத்தில் ஆள் நிற்க வைத்துப் பேசவைக்கிறார்கள் என்று பொருள். அவர் உடனே போனை வைத்துவிட்டு 112-ஐ அழைக்க வேண்டும்.

பழைய சிம், வீட்டில் விட்டுவந்த பழைய போன், இரண்டிலும் ஓடும் ஒரே கூகுள் கணக்கு ஆகியவைதான் இடத்தைக் காட்டிக்கொடுக்கும். கணக்கின் பாஸ்வேர்டை மாற்றி, மற்றக் கருவிகளிலிருந்து வெளியேறச் சொல்லுங்கள். இடத்தைப் பகிரும் வசதியை நிறுத்தட்டும். வங்கிக் கணக்கின் எஸ்.எம்.எஸ். அப்பாவின் எண்ணுக்குப் போகிறதா என்று பார்க்கட்டும். எந்த ஏ.டி.எம். என்பது அதில் வந்துவிடும். ஆதாரில் முகவரி மாற்றினால் கடிதம் பழைய வீட்டுக்குப் போகாதபடி பார்க்க வேண்டும். பழைய வேலையிடத்துக்குத் திரும்பவே கூடாது. முதலில் தேடிவருவது அங்கேதான்.

மாமாவின் குரல் பதிவோ வாட்ஸ்அப் செய்தியோ உங்களிடம் இருந்தால் அழிக்காதீர்கள். குரூப்பை விட்டு வெளியேறவும் வேண்டாம். அது எல்லோர் கண்ணிலும் படும். ஸ்கிரீன்ஷாட் மட்டும் போதாது. அந்தச் செய்தி இருக்கும் போனையே பத்திரமாக வையுங்கள். மின்னணுச் சாட்சியத்துக்கு நீதிமன்றத்தில் புதிய சாட்சியச் சட்டமான சாட்சிய அதினியத்தின் 63(4) பிரிவுச் சான்றிதழ் கேட்பார்கள். போன் கையில் இருந்தால்தான் அதைத் தர முடியும்.

வீட்டில் என்ன சொல்வது?

மாமாவிடம் வாதாட வேண்டாம். ‘அவளோட எனக்குத் தொடர்பு இல்லை. நான் போன் போடவும் மாட்டேன்’ என்று ஒரே வாக்கியத்தைத் திரும்பத் திரும்பச் சொல்லுங்கள். காரணம் சொன்னால் ஒவ்வொரு காரணத்துக்கும் அவர் ஒரு பதில் வைத்திருப்பார். அப்பாவிடம் மட்டும் தனியே பேசுங்கள், ஆட்கள் இல்லாத நேரத்தில், குடிக்காமல் இருக்கும்போது. சாதி சரியா தவறா என்று அன்றைக்குப் பேசாதீர்கள். வழக்கு வந்தால் எந்த வயலை விற்க வேண்டியிருக்கும், ஜாமீனுக்கு யார் நிற்பார், அம்மாவை யார் பார்ப்பார் என்று கேளுங்கள். உசுப்புகிறவர்களின் பிள்ளைகள் இந்த நேரத்தில் என்ன செய்துகொண்டிருக்கிறார்கள் என்றும் கேளுங்கள். அந்தக் கேள்விக்குப் பெரும்பாலும் பதில் இருக்காது.

சொத்துப் பத்திரத்தை இப்போது பேச்சிலேயே எடுக்க வேண்டாம். சாதி மாறிக் கட்டியதால் பெண்ணின் பங்கு போய்விடாது. பூர்வீகச் சொத்தில் 2005 திருத்தத்தின்படி உங்களுக்குச் சமமான பங்கு அவருக்கு உண்டு. அப்பா சுயமாகச் சம்பாதித்ததை அவர் விரும்பியவருக்கு எழுதலாம். அதற்குத் தங்கையின் கையெழுத்தே தேவையில்லை. ‘வந்து விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டுட்டுப் போகட்டும்’ என்று பங்கை விட்டுக்கொடுக்கச் சொல்வதும், அம்மாவின் உடம்பைச் சொல்வதும் ஒரே அழைப்பின் இரண்டு வடிவங்கள்தான். சார்பதிவாளர் அலுவலகத்துக்கு இன்ன நாள், இன்ன நேரம் வருவாள் என்பது எல்லோருக்கும் முன்கூட்டியே தெரிந்துவிடும். என்றாவது அவரே விரும்பி எழுதிக் கொடுப்பதானால், தான் வசிக்கும் இடத்துச் சார்பதிவாளர் முன்பு அதிகாரப் பத்திரம் (பவர்) எழுதி அனுப்பலாம். நேரில் வரவேண்டாம்.

கடைசியாக அம்மா. அவர் சொல்வதை வெறும் மிரட்டல் என்று தள்ளாதீர்கள், அதற்காக அடிபணியவும் வேண்டாம். இன்றைக்கே வீட்டிலும் தோட்டத்து அறையிலும் இருக்கும் பூச்சி மருந்தையெல்லாம் எடுத்து வேறு வீட்டில் பூட்டிவையுங்கள். இரவில் அத்தையோ சித்தியோ உடன் படுத்துக்கொள்ளட்டும். மனநல உதவிக்கு 14416 அல்லது 104-ஐ அழைக்கலாம். நிஜமாகவே அவரை ஆஸ்பத்திரியில் சேர்க்க நேர்ந்தால், தங்கை வார்டில் பணியிலிருக்கும் நர்ஸிடம் நேரடியாகப் பேசி உறுதிசெய்த பிறகு, பெரிய ஆஸ்பத்திரியாக இருந்தால் மட்டும், போலீஸ் துணையோடு, நேரத்தை யாருக்கும் சொல்லாமல் வந்து பார்க்கட்டும். அதற்கு முன் அம்மா மகளின் குரலைக் கேட்க விரும்பினால், நீங்கள் ஓசூரிலிருந்து வந்திருக்கும் ஒரு நாளில், அம்மாவோடு தனியே உட்கார்ந்து, உங்கள் போனிலிருந்து வாட்ஸ்அப்பில் பேசவையுங்கள். முதல் வார்த்தையாக அந்த ஆட்டுக்குட்டியின் பெயரைச் சொல்லிவிட்டு போனை அம்மாவிடம் கொடுங்கள்.